மூன்றாம் ஓலைக்குக் காத்திருந்தவர்

ஜூன் 14, புதன்கிழமை. காலை 5.10க்கு எழுந்தேன். 5.25க்கு மோட்டார் போட்டுத் தொட்டி நிரப்பினேன். 5.50க்குக் காபி. 6.15 முதல் 6.40 வரை நடை, வழக்கம்போல் வாய்க்கால் மதகு வரை. மேட்டூர் திறந்துவிட்டார்கள் என்று தொலைக்காட்சியில் சொன்னாலும் எங்கள் வாய்க்காலில் இன்னும் தண்ணீர் எட்டிப்பார்க்கவில்லை. 8.45க்குப் பள்ளி அலுவலகத்தைத் திறந்தேன். பள்ளி திறந்த வாரம் என்பதால் மாற்றுச் சான்றிதழ் கேட்டு ஒன்பது பேர் நின்றார்கள்.

என் நாட்குறிப்பில் அன்றைக்கு முழுதாக எழுதியிருப்பது இவ்வளவுதான். மிச்சத்துக்கு எண்களை மட்டும்தான் குறித்தேன், எழுத நேரமில்லை. அதனால் இங்கே எழுதுகிறேன்.

எங்கள் ஊரில் ஒருவர் இருந்தார். இருந்தார் என்ன, இப்போதும் இருக்கிறார். கடந்த காலத்தில் எழுதியதற்கே ஆட்சேபணை தெரிவிப்பார். பாபநாசத்துக்குக் கிழக்கே உள்ள எங்கள் ஊரில் அவருக்குப் பெயரே அதுதான்: ஆட்சேபணை. தபால்காரர்கூட அந்தப் பெயரைச் சொல்லித்தான் வீடு கேட்பார். அவர் மறுப்புச் சொல்லாமல் ஏற்றுக்கொண்ட ஒரே விஷயம் ஞானஸ்நானம். அப்போது அவருக்கு வயது நாற்பது நாள். அன்றைக்கும் கோவில் இடிந்துவிழுகிற மாதிரி கத்தினார் என்று அவர் அம்மா சொன்னதுண்டு.

ஒல்லியான, உயரமான மனிதர். வயது அறுபத்தேழு. ஆறு மா நிலம், அதாவது இரண்டு ஏக்கர். பட்டா, சிட்டா, வரி ரசீது எல்லாவற்றையும் ஒரு அலுமினியத் தூக்குவாளியில் சுருட்டிப்போட்டு மூடி இறுக்கி வைத்திருப்பார். ஒரு வெள்ளத்தில் வீட்டுக்குள் இடுப்பளவு தண்ணீர் வந்தபோது பீரோ மூழ்கியது, தூக்குவாளி மிதந்தது. அதிலிருந்து எங்கே போனாலும் தூக்குவாளியோடுதான் போவார். பார்ப்பவர்கள் பால் வாங்கப் போகிறார் என்று நினைப்பார்கள்.

நெல் கொள்முதல் நிலையத்தில் ஒருமுறை அவர் நெல்லில் ஈரப்பதம் அதிகம் என்று திருப்பிவிட்டார்கள். ஆட்சேபணை அசரவில்லை.

"நெல்லு சரியாத்தான் இருக்கு. உங்க மெஷின்லதான் ஈரம்" என்றார்.

"மெஷின்ல எப்படிங்க ஈரம் இருக்கும்?"

"நைட்டு பூரா இந்தக் கொட்டாயிலதான கெடக்குது? பனி எறங்காதா? ஒரு மணி நேரம் வெயில்ல வையுங்க. அப்பவும் அதே நம்பர் காட்டுச்சுன்னா நான் மூட்டையத் தூக்கிட்டுப் போயிடறேன்."

ஆளை அனுப்பினால் போதும் என்று மெஷினை வெயிலில் வைத்தார்கள். பங்குனி வெயில். அவர் நெல்லும் பக்கத்திலேயே தார்ப்பாயில் பரத்திக் கிடந்தது. ஒரு மணி நேரம் கழித்து அளந்தபோது நம்பர் இறங்கியிருந்தது. "பாத்தீங்களா, மெஷின் காஞ்சிருச்சு" என்று சொல்லிவிட்டு மூட்டையை எடைக்கு ஏற்றினார். அந்த அலுவலருக்கு என்ன நடந்தது என்பது இன்றுவரை புரிந்திருக்காது.

அவருக்கு அந்தப் பெயர் வந்தது மாதா கோவிலில். எங்கள் வழக்கப்படி, கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிற்றுக்கிழமை பூசையில் ஓலை வாசிக்க வேண்டும். இன்னாரின் மகன், இன்னாரின் மகளை மணக்க இருக்கிறார். இதற்கு ஏதேனும் தடை இருப்பதாக அறிந்தவர்கள் பங்குத்தந்தையிடம் தெரிவிக்க வேண்டும். முதல் ஓலை, இரண்டாம் ஓலை, மூன்றாம் ஓலை. பள்ளி எழுத்தர் வேலையோடு பதினெட்டு வருடமாக அதை வாசிப்பவனும் நான்தான். கோவிலில் யாரும் இதற்கு எழுந்திருப்பதில்லை. ஆட்சேபணை மட்டும் மூன்றாம் ஓலையில் எழுந்து நிற்பார்.

ஒரு கல்யாணத்தில், மாப்பிள்ளை வீட்டுத் தெருப்பெயரை நான் தவறாக வாசித்தேன் என்று எழுந்தார். இன்னொன்றில், நடவு சமயத்தில் தேதி வைத்தால் பந்திக்கு ஆள் எங்கிருந்து வரும் என்று கேட்டார். உச்சம், அவருடைய சொந்த மகள் கல்யாணம். மூன்றாம் ஓலைக்கு எழுந்து, "பொண்ணோட அப்பாகிட்ட யாரும் முறையா சம்மதம் கேக்கல" என்றார். மாப்பிள்ளை பார்த்து, பேசி, தேதி குறித்தவர் அவரேதான். அவர் மனைவி லூர்து அக்கா அவர் சட்டையைப் பிடித்து இழுத்து உட்காரவைத்தார்.

"ஏன் அண்ணே எப்பவும் மூணாவதுலயே எழுந்திரிக்கிறீங்க?" என்று ஒருநாள் கேட்டேன்.

"தம்பி, முதல் ஓலை கேக்கறதுக்கு. ரெண்டாவது யோசிக்கறதுக்கு. மூணாவதுதான் எழுந்திரிக்கறதுக்கு. மொதல்லயே எழுந்தா அவசரக்காரன்னு சொல்லுவான்."

நான் சிரித்துக்கொண்டே குறித்துவைத்தேன். அந்தச் சிரிப்பு எங்களை எங்கே கொண்டுபோய் நிறுத்தும் என்று அப்போது தெரியாது.

மே 24ஆம் தேதி செய்தித்தாளில் ஒரு பக்கம் முழுக்கப் பொடி எழுத்தில் ஓர் அறிவிப்பு வந்தது. புறவழிச் சாலைக்கு நிலம் எடுக்கிறார்கள். எங்கள் ஊர்ப் பெயருக்குக் கீழே பதினேழு குடும்பங்களின் புல எண்கள். ஆட்சேபணையின் ஆறு மாவுக்கு நடுவிலேயே சாலை போகிறது. அன்று சாயங்காலம் பதினேழு வீட்டுக்காரர்களும் அவர் வாசலில்தான் கூடினார்கள். மறுப்பு என்று வந்தால் ஊரில் வேறு யாரிடம் போவது?

அவர் செய்தித்தாளைக் கண்ணாடிக்குக் கிட்டே பிடித்து எண்களைச் சரிபார்த்தார். பிறகு மடித்தார்.

"இது முதல் ஓலை. இன்னும் ரெண்டு தடவ போடுவான். மூணாவது வந்ததும் எல்லாரும் சேந்து எழுந்திரிக்கலாம். அதுவரைக்கும் யாரும் வாயத் திறக்காதீங்க. நம்ம பாயிண்டு அவனுக்கு முன்கூட்டியே தெரிஞ்சிடக் கூடாது."

எல்லோருக்கும் அது நியாயமாகப் பட்டது. சொல்ல வெட்கமாக இருந்தாலும், எனக்கும் பட்டது. பதினெட்டு வருடமாக ஒன்றை மூன்று தடவை வாசித்துப் பழகியவனுக்கு, அரசாங்கமும் மூன்று தடவைதான் வாசிக்கும் என்று தோன்றிவிட்டது. அன்றிலிருந்து தினமும் காலையில் பள்ளிக்கு வந்து செய்தித்தாளைப் புரட்டுவார். "ரெண்டாம் ஓலை இன்னும் வரல" என்று சொல்லிவிட்டுத் திருப்தியாகப் போவார்.

ஜூன் 14க்கு வருகிறேன். 10.40க்குக் கூட்டம் குறைந்தது. மே மாதச் செய்தித்தாள்களைத் தேதிவாரியாக அடுக்கிக் கட்டுப்போட உட்கார்ந்தேன். 24ஆம் தேதி கைக்கு வந்தது. அந்தப் பக்கத்தை அப்போதுதான் முதன்முறையாகக் கடைசிவரை படித்தேன். புல எண்களுக்கெல்லாம் கீழே, மடிப்பில், ஒரு பத்தி இருந்தது. ஆட்சேபணை உள்ளவர்கள் இந்த அறிவிப்பு வெளியான நாளிலிருந்து இருபத்தொரு நாட்களுக்குள் எழுத்து மூலம் தெரிவிக்க வேண்டும்.

நாட்காட்டியில் விரல் வைத்து எண்ணினேன். இரண்டாம் முறை எண்ணினேன். விரல் இரண்டு தடவையும் அன்றைய தேதியில்தான் வந்து நின்றது.

10.58க்கு அவர் வீட்டில் இருந்தேன். கூடத்தில் உட்கார்ந்து விதைநெல் புடைத்துக்கொண்டிருந்தார். பத்தியைக் காட்டினேன். படித்தார். நான் தேதியைச் சொன்னேன். இப்படி ஏதாவது சொல்வார் என்று காத்திருந்தேன்: அச்சுப்பிழை, செல்லாது, மூணு தடவ போடாம எப்படி. முறத்தைக் கீழே வைத்தார்.

"பதினாறு வீடு, தம்பி" என்றார். தன் வீட்டை அவர் கணக்கில் சேர்க்கவில்லை.

லூர்து அக்காதான் பேசினார். "ஊருல ஒருத்தனையும் நிம்மதியா கல்யாணம் பண்ண விடல. எழுந்திரிக்க வேண்டிய எடத்துல உக்காந்துட்டீங்க. இப்பவாவது எழுந்திரிங்க."

பாபநாசத்தில் வழக்கு நடத்தும் ஷமீமா என்ற இளம் வக்கீலுக்குப் போன் செய்தேன். அவர் தம்பி எங்கள் பள்ளியில் படித்தவன். ஒரு நிமிடம் கேட்டுவிட்டுச் சொன்னார்:

"சார், இன்னிக்கு மனு உள்ள போகலைன்னா நாளைக்கு விசாரணைக்குக்கூட உங்களைக் கூப்பிட மாட்டாங்க. கோர்ட்டுக்குப் போனாலும், நேரத்துல ஏன் சொல்லலைன்னுதான் மொதல்ல கேப்பாங்க. தஞ்சாவூர்ல நிலமெடுப்பு ஆபீஸ் அஞ்சே முக்காலுக்கு மூடிடும். சிட்டா எல்லாத்தையும் போட்டோ எடுத்து அனுப்புங்க. நான் டைப் பண்ணி எடுத்துட்டு வர்றேன். எல்லாரையும் ஒரே எடத்துல உக்கார வையுங்க."

பதினாறு குடும்பத்தையும் எங்கே தேடுவது? குறுவைக்கு வரப்பு வெட்ட, எரு அடிக்க என்று வெயிலில் திசைக்கொருவராய்ப் போயிருந்தார்கள். பாதிப் பேர் போனை வீட்டில் வைத்துவிட்டுப் போகிறவர்கள். பங்குத்தந்தை தியானத்துக்குப் போயிருந்தார். நான் ஒரு முடிவெடுத்தேன். 12.05க்குக் கோவில் மணிக் கயிற்றைப் பிடித்தேன். அவசரத்தில், ஊரே ஓடிவரும் என்று எனக்குத் தெரிந்த ஒரே அடியைத்தான் அடித்தேன். துக்க மணி.

இருபது நிமிடத்தில் கோவில் வாசல் நிறைந்தது. சேற்றுக்காலோடும் மண்வெட்டியோடும் வந்தார்கள். பதினேழு பேரில் ஒருவரான அந்தோணியம்மா தலைமுக்காட்டோடு மூச்சு வாங்க வந்து, ஆட்சேபணையைப் பார்த்ததும் நின்றுவிட்டார்.

"நீங்கதான்னுல்ல நெனச்சு ஓடியாந்தேன்" என்றார்.

"நான் இல்ல."

"அப்ப யாரு?"

"இன்னும் யாரும் சாகல அந்தோணியம்மா. அஞ்சே முக்கா வரைக்கும் டயம் இருக்கு" என்றார் ஆட்சேபணை. ஒருவரும் சிரிக்கவில்லை. விஷயத்தை நான் சொன்னேன். அவர் தூக்குவாளியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு தூணோரம் நின்றார். யாரும் அவரைத் திட்டவில்லை. அந்த அமைதிக்குத் திட்டே மேல் என்று நினைத்தேன்.

1.50க்கு ஷமீமா ஸ்கூட்டரில் வந்தார். பதினேழு பெயர், பதினேழு புல எண், மூன்று பக்கம். "எல்லாரும் கடைசிப் பக்கத்துல கையெழுத்துப் போடுங்க" என்றார்.

"படிக்காம கையெழுத்தா?" என்றார் தூணோரம் நின்றவர்.

நான் கடிகாரத்தைப் பார்த்தேன். ஷமீமா என்னைப் பார்த்தார்.

"ஐயா, நான்தான் படிச்சுப் பாத்துட்டேனே."

"எழுதினவங்க படிச்சா தப்பு தெரியாதும்மா." உட்கார்ந்து முதல் வரியிலேயே நிறுத்தினார். "'பணிவுடன் சமர்ப்பிக்கும்'னு போட்டிருக்கு. நிலத்தையும் குடுத்து, பணிவையும் குடுக்கணுமா?"

"அது வழக்கம் ஐயா."

"ஆட்சேபணை."

"பணிவ எடுத்துட்டா மறுபடி டைப் அடிக்கணும். மூணு மணி ஆயிடும்."

கூட்டத்திலிருந்து அந்தோணியம்மாவின் குரல் வந்தது. "பணிவு கெடக்கட்டும். அது இருந்துட்டுப் போகட்டும். மேல படிங்க."

தூக்குவாளியைத் திறந்து, வீட்டுக்கொன்றாகச் சிட்டாவை வாங்கி, ஒவ்வொரு எண்ணாக விரல் வைத்துப் பார்த்தார். மணி 2.40 ஆனது. பதினான்காவது எண்ணில் விரல் நின்றது. அந்தோணியம்மாவின் நிலத்துக்கு உட்பிரிவு மாறிப் போயிருந்தது. மனுவில் இருந்தது பக்கத்து நிலம், சாலைக்குப் போகாத நிலம்.

ஷமீமா இரண்டையும் வைத்துப் பார்த்தார். "இது அப்படியே போயிருந்தா இவங்க மனுவே கணக்குல வந்திருக்காது" என்று மெதுவாகச் சொல்லிவிட்டு, அதைப் பேனாவால் திருத்திப் பக்கத்தில் அந்தோணியம்மாவைக் கையெழுத்துப் போடவைத்தார். அதன்பின் ஒருவரும் ஆட்சேபணையை அவசரப்படுத்தவில்லை.

3.55க்குக் கடைசிக் கையெழுத்து. ஷமீமாவுக்கு நான்கரை மணிக்கு நீதிமன்றத்தில் வேலை. பஸ் போய்விட்டது. என் மொபெட்டில் ஆட்சேபணையை ஏற்றினேன். பதினொரு வருடமாக அந்த வண்டியை நான் நாற்பதுக்கு மேல் ஓட்டியதில்லை. பண்டாரவாடை தாண்டியதும் பின்னாலிருந்து குரல்.

"தம்பி, இந்த வண்டியில நாப்பதுக்கு மேல நம்பர் போட்டிருக்கானே, அது எதுக்கு?"

"சும்மா இருக்கறதுதான் அண்ணே."

"ஒருதடவ தொட்டுப் பாருங்க."

ஐம்பத்தெட்டைத் தொட்டேன். குறித்துவைத்திருக்கிறேன். அய்யம்பேட்டைக் கடைத்தெருவில் ஒரு வைக்கோல் லாரி குறுக்கே நின்று பதினேழு நிமிடம் தின்றது. 5.12க்கு நிலமெடுப்பு அலுவலக வாசல். காவலாளி தூக்குவாளியைப் பார்த்து, "சாப்பாடெல்லாம் உள்ள கொண்டுபோகக் கூடாது" என்றார். மூடியைத் திறந்து காட்டினோம்.

தபால் வாங்கும் எழுத்தர் மனுவைப் புரட்டிவிட்டு மேசை நாட்காட்டியில் எண்ணினார்.

"மே இருபத்துநாலு ஒண்ணு. இப்படியே வந்தா ஜூன் பதிமூணு இருபத்தொண்ணு. நேத்தே முடிஞ்சிருச்சே."

"வெளியான நாளை விட்டுட்டுத்தான் சார் எண்ணணும்" என்றேன். போனில் ஷமீமாவைப் பிடித்து நீட்டினேன். எழுத்தர் கையை அசைத்தார்.

"போன்ல வர்ற சட்டத்தையெல்லாம் நான் கேக்க முடியாது சார். பதினாறாம் நாள் காரியம் பண்றோம், செத்த நாளையும் சேத்துத்தான எண்ணுறோம்?"

ஆட்சேபணை மேசை மேல் இரண்டு கையையும் ஊன்றிக் குனிந்தார்.

"அது செத்தவனுக்கு எண்ணுற கணக்கு. நான் உயிரோட நிக்கறேன். பொறந்த புள்ளைக்கு எப்படி எண்ணுவீங்க? பொறந்த அன்னிக்கே ஒரு நாள் ஆயிடுச்சும்பீங்களா?"

எழுத்தர் ஒரு கணம் யோசித்தார். அது எனக்கு நல்ல அறிகுறியாகப் பட்டது. பிறகு, "சரி, அந்தப் பெட்டியில போட்டுட்டுப் போங்க. அம்மா வந்து முடிவு பண்ணட்டும்" என்றார்.

"தேதி முத்திரை?"

"முத்திரை அம்மா ரூம்ல பூட்டியிருக்கு. கலெக்டர் ஆபீஸ் மீட்டிங் போயிருக்காங்க."

"அப்ப நான் இருக்கேன்."

மேசைக்கும் கதவுக்கும் நடுவில் தரையில் சப்பணமிட்டு உட்கார்ந்தார். யாரும் அவரைத் தாண்டாமல் வெளியே போக முடியாது. 5.20. 5.25. ஒருவர் மின்விசிறியை அணைத்தார். 5.31க்கு எழுத்தர் சாப்பாட்டுப் பையை எடுத்துத் தோளில் மாட்டினார். ஆட்சேபணை கண்ணை மூடி உதட்டை அசைத்தார். ஜெபம் செய்கிறார் என்று நினைத்தேன். குனிந்து கேட்டபோது பதினேழு புல எண்களை வரிசையாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

5.36க்குத் தனி வட்டாட்சியர் வந்தார். நடுத்தர வயதுப் பெண். தரையில் இருந்தவரைப் பார்த்து, "என்ன பெரியவரே?" என்றார். எழுத்தர் பதினாறாம் நாள் கணக்கைச் சொன்னார். வட்டாட்சியர் செய்தித்தாளைப் பார்த்தார், நாட்காட்டியைப் பார்த்தார். "முதல் நாளை விட்டுடணும். இன்னிக்குத்தான் கடைசி" என்று எழுத்தரிடம் சொல்லிவிட்டு இவர் பக்கம் திரும்பினார். "உங்க ஆட்சேபணை என்ன? சுருக்கமா சொல்லுங்க."

எதற்கும் அரைமணி நேரம் பேசுகிறவர். அன்றைக்கு நின்றபடி இவ்வளவுதான் சொன்னார்:

"வடக்க பெய்யற மழை பூரா எங்க பதினேழு வயல் வழியா ஒரே வடிகால்லதான் எறங்கி ஆத்துக்குப் போகுதும்மா. உங்க வரைபடத்துல அந்த வடிகாலே இல்ல. ரோட்டக் குறுக்க ஒசத்திப் போட்டா தண்ணி நின்னுரும். நீங்க எடுக்கறது கொஞ்சம். மூழ்கப் போறது மிச்சம் அத்தனையும். எடுக்காத நெலத்துக்கு யாரு பதில் சொல்லுவாங்க?"

வட்டாட்சியர் பேனாவை எடுத்து மனுவின் ஓரத்தில் வடிகால் என்று எழுதி அடிக்கோடிட்டார். அறையைத் திறந்தார். முத்திரை விழுந்தபோது மணி 5.41.

"வேற ஏதாவது சொல்லணுமா?" என்றார்.

ஆட்சேபணை சுற்றிலும் பார்த்தார். அணைந்த மின்விசிறி, ஒரு கால் ஆடும் மேசை, அவரைக் கால்மணி நேரம் தரையில் உட்காரவைத்த எழுத்தர். எல்லாம் கண்ணில் பட்டது எனக்குத் தெரியும்.

"இல்லம்மா" என்றார்.

பின்னால் நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். விசாரணைக்கு அழைத்தார்கள். எல்லோரும் போய்ச் சொன்னோம். சில மாதம் கழித்து, ஆட்சேபணைகள் ஏற்கத்தக்கவை அல்ல என்று ஒரே வரியில் பதில் வந்தது. ஷமீமா மதுரை உயர் நீதிமன்றக் கிளைக்குப் போனார். ஒற்றை வரி போதாது, இடத்தைப் பார்வையிட்டு, வடிகாலைப் பற்றிக் காரணத்தோடு புதிதாக முடிவு சொல்லுங்கள் என்று நீதிமன்றம் திருப்பி அனுப்பியது. அந்த முடிவு இன்னும் வரவில்லை. வயலில் இந்த வருடமும் குறுவை நிற்கிறது. அந்த முத்திரை இல்லாவிட்டால் மதுரையில் வாயே திறந்திருக்க முடியாது என்று ஷமீமா இப்போதும் சொல்வார்.

அன்று திரும்பும்போது நாற்பதில்தான் ஓட்டினேன். பின்னாலிருந்து சத்தமே இல்லை. விழுந்துவிட்டாரோ என்று இரண்டு தடவை திரும்பிப் பார்த்தேன். ஊர் எல்லையில்தான் பேசினார்.

"தம்பி, காலைல கூட வர்றீங்களா?"

"எங்க அண்ணே?"

"வீடு வீடா. நான் சொல்லித்தான அத்தன பேரும் வாயத் திறக்காம இருந்தாங்க."

"அதான் முத்திரை வாங்கியாச்சே. யாரும் ஒண்ணும் நெனைக்கல."

"வாங்கியாச்சு. ஆனா நான் சொன்னது தப்புன்னு நான் இன்னும் சொல்லல." தூக்குவாளியை மறு கைக்கு மாற்றிக்கொண்டு, "அத எப்படி ஆரம்பிக்கறதுன்னு தெரியல. பழக்கமில்ல. அதான் ஆளு வேணும்" என்றார்.

ஜூன் 15, வியாழக்கிழமை. 5.10க்கு எழுந்தேன். மோட்டார் போடவில்லை, காபி குடிக்கவில்லை. 5.20க்கு அவர் என் வாசலில் சலவைச் சட்டையோடு நின்றார். கையில் தூக்குவாளி இல்லாமல் அவரை அன்றுதான் பார்த்தேன். கைகளை எங்கே வைப்பது என்று தெரியாமல் பின்னால் கட்டிக்கொண்டிருந்தார். இருவரும் நடந்தோம். முதலில் அந்தோணியம்மா வீடு. படியில் அவர் செருப்பைக் கழற்றினார். பக்கத்திலேயே நானும் கழற்றினேன்.